டவுனிங் தெரு 10 – தொடர் 17: கடனோடு கிடைத்த நாற்காலி

1976 மார்ச் 16-ம் தேதி அமைச்சரவைக் கூட்டத்தில் தான் பதவி விலகப் போவதாக ஹெரால்டு வில்சன் அறிவித்ததோடு சென்ற இதழில் நிறுத்தியிருந்தோம். மேசையைச் சுற்றி இருந்தவர்களில் பெரும்பாலோருக்கு அது தலையில் இடி விழுந்த மாதிரி. வெளியுறவு அமைச்சர் ஜேம்ஸ் கேலஹனுக்கு அப்படி இல்லை. வில்சனின் அறுபதாவது பிறந்தநாள் விருந்து முடிந்து இருவரும் ஒரே காரில் நாடாளுமன்ற வாக்கெடுப்புக்குப் போன இரவு, வில்சன் அவரிடம் விஷயத்தைச் சொல்லி, தயாராக இருக்கும்படி கேட்டுக்கொண்டிருந்தார். அது மார்ச் 11. போட்டியில் மற்றவர்களைவிட ஐந்து நாள் முன்னால் நின்றார் கேலஹன்.

அந்தக் காலத்தில் தொழிற்கட்சியின் தலைவரைத் தேர்ந்தெடுக்கும் உரிமை கட்சி எம்.பி.க்களுக்கு மட்டுமே இருந்தது. ஆளுங்கட்சி என்பதால், அந்த முந்நூற்றுச் சொச்சம் பேர் போடும் ஓட்டே நாட்டுக்குப் பிரதமரையும் தந்துவிடும். ஆறு பேர் களத்தில் இறங்கினார்கள். முதல் சுற்றில் இடதுசாரிகளின் செல்லப்பிள்ளை மைக்கேல் ஃபுட் 90 வாக்குடன் முன்னிலை. கேலஹனுக்கு 84. ராய் ஜென்கின்ஸ் 56, டோனி பென் 37, டெனிஸ் ஹீலி 30, டோனி கிராஸ்லாண்ட் 17. ஏப்ரல் 5-ம் தேதி மூன்றாவது சுற்று முடிந்தபோது கேலஹன் 176, ஃபுட் 137. அன்றே அரண்மனைக்குச் சென்று பிரதமராகத் திரும்பினார்.

இந்த எண்களைக் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும். முதல் சுற்றில் கட்சியின் நான்கில் ஒரு பங்குக்குச் சற்றே அதிகமான ஆதரவுதான் வெற்றியாளருக்குக் கிடைத்தது என்னும் அளவுக்கு வாக்கு சிதறியிருந்தது. தோற்ற ஐவரும் சாதாரணப்பட்டவர்கள் இல்லை. ஒவ்வொருவருக்கும் தனிக் கூட்டம், தனிக் கொள்கை, தனிக் கோபம். ஜென்கின்ஸ் அடுத்த சில மாதங்களில் ஐரோப்பிய ஆணையத் தலைமைக்காகப் பிரஸ்ஸல்ஸ் கிளம்பினார். மற்ற நால்வரையும் அமைச்சரவையில் வைத்துக்கொண்டுதான் கேலஹன் ஆள வேண்டியிருந்தது.

கேலஹனுக்கு அப்போது வயது 64. தன்னைவிட நான்கு வயது இளையவர் ஓய்வுபெற, அவர் இடத்துக்கு வந்தவர். போர்ட்ஸ்மத்தில் பிறந்து, கடற்படையில் சிறிய அதிகாரியாக இருந்த தந்தையைச் சின்ன வயதிலேயே இழந்து, 17 வயதில் வருமான வரி அலுவலகத்தில் எழுத்தராகச் சேர்ந்தவர். கல்லூரி வாசலை மிதித்ததில்லை. வில்சன், ஹீலி, ஜென்கின்ஸ், கிராஸ்லாண்ட், ஃபுட், பென் அத்தனை பேரும் ஆக்ஸ்ஃபோர்டில் படித்தவர்கள். நிதி, உள்துறை, வெளியுறவு, பிரதமர் என்ற நான்கு உயர் பதவிகளையும் வகித்த ஒரே பிரிட்டிஷ் அரசியல்வாதி அந்த எழுத்தர்தான்.

ஆனால் நிதியமைச்சர் பதவி அவருக்கு விட்டுச் சென்றது ஒரு தழும்பு. மூன்று ஆண்டுகள் பவுண்டின் மதிப்பைக் காக்கப் போராடி, 1967 நவம்பர் 18-ம் தேதி தோற்றுப்போய் 2.80 டாலரிலிருந்து 2.40-க்குக் குறைத்துவிட்டு, அந்தப் பதவியை விட்டே விலகியவர் அவர். உள்துறை அமைச்சராக 1968-ல் அவர் செய்த ஒரு காரியத்தையும் நாம் மறக்கக் கூடாது. கையில் பிரிட்டிஷ் பாஸ்போர்ட் வைத்திருந்த கென்யா வாழ் இந்திய வம்சாவளியினர் பிரிட்டனுக்குள் வருவதைத் தடுக்க, ஒரே வாரத்தில் ஒரு சட்டத்தை நாடாளுமன்றத்தில் நிறைவேற்ற வைத்தார். கட்சிக்கு ஆபத்து என்று பட்டால் கொள்கையைத் தள்ளி வைக்கத் தயங்காதவர் என்பது அப்போதே தெரிந்துவிட்டது.

புதுப் பிரதமருக்குத் தேன்நிலவுக் காலம் என்று ஒன்று இருக்கும் என்பார்கள். கேலஹனுக்கு அது இரண்டு நாள்கூட நீடிக்கவில்லை. ஏப்ரல் 6-ம் தேதி ஹீலியின் பட்ஜெட். அன்றே அமைச்சர் பிரையன் ஓ'மாலி காலமானார். ஏப்ரல் 7-ம் தேதி ஜான் ஸ்டோன்ஹவுஸ் கட்சியை விட்டு விலகினார். யார் இந்த ஸ்டோன்ஹவுஸ்? 1974 நவம்பரில் மயாமி கடற்கரையில் உடைகளைக் கழற்றி வைத்துவிட்டு, கடலில் மூழ்கி இறந்தது போல நாடகமாடி, பொய்ப் பெயரில் ஆஸ்திரேலியாவுக்கு ஓடி, மெல்போர்னில் பிடிபட்ட முன்னாள் அமைச்சர். மோசடி வழக்கு நடந்துகொண்டிருந்தபோதும் எம்.பி.யாகவே நீடித்தவர். 1974 அக்டோபர் தேர்தலில் 635 இடங்களில் 319 பெற்று, மூன்றே மூன்று பேர் பெரும்பான்மையில் ஓடிக்கொண்டிருந்த அரசு இது. அந்த மூன்றும் கரைந்துவிட்டது. மக்கள் ஓட்டுப் போட்டு வராத பிரதமர், இனி நாடாளுமன்றத்திலும் சிறுபான்மைப் பிரதமர்.

இதன் பொருள் என்ன என்பதை மே 27-ம் தேதி இரவு நாடே பார்த்தது. விமானம், கப்பல் கட்டும் தொழில்களை நாட்டுடைமையாக்கும் மசோதா. எதிர்க்கட்சியின் திருத்தத்துக்கு 303, எதிராக 303. சபாநாயகர் மரபுப்படி தன் வாக்கால் திருத்தத்தைத் தோற்கடித்தார். அடுத்த வாக்கெடுப்பில் அரசுக்கு 304, எதிர்க்கட்சிக்கு 303. இரு தரப்பிலும் ஒருவர் ஒருவராக வராமல் இருந்துகொள்வது என்று கொறடாக்கள் பேசிவைத்திருந்த ஜோடி ஏற்பாட்டை மீறி ஓர் ஓட்டு விழுந்துவிட்டது என்று கன்சர்வேடிவ்கள் கொதித்தார்கள். தொழிற்கட்சி உறுப்பினர்கள் செங்கொடிப் பாட்டைப் பாடத் தொடங்க, கன்சர்வேடிவ் எம்.பி. மைக்கேல் ஹெசல்டைன் சபையின் மேசையில் கிடந்த செங்கோலைத் தூக்கி அவர்களை நோக்கி நீட்டினார். சபை ஒத்திவைக்கப்பட்டது. ஒவ்வொரு மசோதாவுக்கும் நோயாளி எம்.பி.க்களை ஆம்புலன்ஸில் கொண்டுவந்து எண்ணிக்கையைச் சரிக்கட்ட வேண்டிய நிலைமை அது.

அமைச்சரவையை அமைத்ததில் கேலஹனின் கணக்கு தெளிவாகத் தெரிகிறது. தோற்ற ஃபுட்டுக்குச் சபை முன்னவர் பதவி. இடதுசாரிகளுக்கும் தொழிற்சங்கங்களுக்கும் அவரே பாலம். கிராஸ்லாண்டுக்கு வெளியுறவு. ஹீலி நிதியிலேயே தொடர்ந்தார். பார்பரா காசிலை வெளியேற்றினார். அமைச்சரவையின் சராசரி வயதைக் குறைக்க வேண்டும் என்று காரணம் சொன்னார். அவருக்கு 65, சொன்னவருக்கு 64. பெண்களுக்குச் சம ஊதியச் சட்டத்தைக் கொண்டுவந்த ஒரு தலைவரை இப்படி அனுப்பியது நியாயமில்லை என்றே எனக்குப் படுகிறது. பழைய பகையைத் தீர்த்துக்கொண்டார் என்று அன்றே பலர் சொன்னார்கள். 1969-ல் காசில் கொண்டுவந்த தொழிற்சங்கச் சீர்திருத்தத்தை அமைச்சரவைக்குள் இருந்தபடியே முறியடித்தவர் கேலஹன்தான்.

இனி பணத்துக்கு வருவோம். இந்த இதழின் முக்கால்வாசிக் கதையும் அதுதான்.

1975 ஆகஸ்டில் பிரிட்டனின் விலைவாசி உயர்வு 26.9 விழுக்காட்டைத் தொட்டிருந்தது. கேலஹன் பதவியேற்றபோது சுமார் 20. வேலையில்லாதவர்கள் 10 லட்சத்துக்கு மேல். 1976 மார்ச் 5-ம் தேதி, வரலாற்றில் முதல்முறையாகப் பவுண்டு 2 டாலருக்குக் கீழே போனது. நம் ரூபாய்கூட 1975 செப்டம்பர் வரை பவுண்டோடுதான் கட்டப்பட்டிருந்தது. அந்த முடிச்சை இந்தியா அவிழ்த்துக்கொண்டது சரியான நேரத்தில்தான். எண்ணெய் விலை உயர்ந்த பிறகு நைஜீரியாவும் வளைகுடா நாடுகளும் தங்கள் வருமானத்தில் பெரும் பங்கை லண்டனில் பவுண்டாக வைத்திருந்தன. அவர்கள் அதை விற்கத் தொடங்கினால் தாங்கும் அளவுக்கு இங்கிலாந்து வங்கியில் கையிருப்பு இல்லை.

ஜூனில் அமெரிக்காவும் மற்ற பணக்கார நாடுகளின் மைய வங்கிகளும் சேர்ந்து 530 கோடி டாலர் கைமாற்றுக் கொடுத்தன. ஆறு மாதக் கெடு. டிசம்பர் 9-ம் தேதிக்குள் திருப்பித் தர முடியாவிட்டால் சர்வதேச நாணய நிதியமான ஐ.எம்.எஃப்.பிடம் போய் நிற்க வேண்டும் என்பது அமெரிக்க நிதித்துறை போட்ட நிபந்தனை. தொழிற்சங்கங்கள் தம் பங்குக்குப் பெரிய தியாகம் செய்தன. போக்குவரத்துத் தொழிலாளர் சங்கத்தின் ஜேக் ஜோன்ஸ் முன்னின்று, விலைவாசி இருபதில் இருக்கும்போது ஊதிய உயர்வை நாலரை விழுக்காட்டுக்குள் வைக்கச் சம்மதித்தார். உழைப்பவர்கள் தங்கள் சம்பளத்தைத் தாங்களே வெட்டிக்கொண்டார்கள் என்பதுதான் இதற்கு நேர்ப் பொருள். ஜூலையில் ஹீலி 100 கோடி பவுண்டு செலவுக் குறைப்பையும், முதலாளிகள் கட்டும் காப்பீட்டுத் தொகையில் 2 விழுக்காடு உயர்வையும் அறிவித்தார். சந்தை அசையவில்லை.

செப்டம்பர் 28, செவ்வாய்க்கிழமை. ஹீலியும் இங்கிலாந்து வங்கியின் ஆளுநர் கார்டன் ரிச்சர்ட்சனும் ஹாங்காங் வழியாக மணிலா செல்ல ஹீத்ரோ விமான நிலையம் வந்துவிட்டார்கள். மணிலாவில் ஐ.எம்.எஃப். ஆண்டுக் கூட்டம். விமானத்தில் ஏறினால் பல மணி நேரம் தொடர்பு கிடையாது. பவுண்டு சரிந்துகொண்டே இருப்பதாக நிலையத்துக்கே செய்தி வந்தது. நிதியமைச்சர் பயணத்தை ரத்து செய்து, காரைத் திருப்பி நகருக்குள் வந்தார். மாலைக்குள் படம் உலகமெங்கும் போய்விட்டது. அன்று பவுண்டு 1.65 டாலருக்கும் கீழே.

அதே நாளில் பிளாக்பூலில் கட்சி மாநாட்டு மேடையில் கேலஹன். அரசு கடன் வாங்கிச் செலவழித்தே மந்தத்திலிருந்து மீண்டுவிடலாம் என்று இத்தனை காலம் நம்பிவந்தோம், அந்த வழி இனி இல்லை, அது ஒவ்வொரு முறையும் விலைவாசியை ஏற்றிவிட்டுத்தான் போனது என்று தன் கட்சிக்காரர்கள் முகத்துக்கு நேரே சொன்னார். அந்தப் பகுதியை எழுதிக் கொடுத்தவர் அவருடைய மருமகன், 'தி டைம்ஸ்' நாளிதழின் பொருளாதார ஆசிரியர் பீட்டர் ஜே. அரங்கில் இருந்தவர்கள் முப்பது ஆண்டுகளாக நம்பிவந்த பொருளாதாரத்துக்கு அவர்களின் தலைவரே முற்றுப்புள்ளி வைத்த உரை அது. வாஷிங்டனும் அதைக் கேட்க வேண்டும் என்பதும் அவர் எண்ணம். மறுநாள் பிரிட்டன் ஐ.எம்.எஃப்.பிடம் 390 கோடி டாலர் கேட்டு விண்ணப்பித்தது. அதுவரை எந்த நாடும் கேட்டிராத தொகை.

செப்டம்பர் 30-ம் தேதி ஹீலி பிளாக்பூலுக்கு ஓடினார். முந்தைய ஆண்டுதான் கட்சியின் தேசியச் செயற்குழுவிலிருந்து அவரைத் தோற்கடித்திருந்தார்கள். செயற்குழுவில் இல்லாதவருக்கு மேடை கிடையாது. நாட்டின் நிதியமைச்சர், சாதாரணப் பிரதிநிதிகளைப் போலக் கீழே இருந்து ஐந்தே நிமிடம் பேசலாம். போர்முனையிலிருந்து நேராக வருகிறேன் என்று தொடங்கி, விலைவாசியையும் செலவையும் அடக்குவதைத் தவிர வேறு வழியில்லை என்று கத்திப் பேசினார். ஒரு பக்கம் கைத்தட்டல், இன்னொரு பக்கம் கூச்சல். கடன் கேட்டு உலகத்தின் முன் நிற்கும் அமைச்சருக்குச் சொந்தக் கட்சி கொடுத்த மரியாதை இது. அந்த ஐந்து நிமிடத்தைப் படமாகப் பார்க்கிற எவருக்கும் அந்த மனிதர் மீது மதிப்பு கூடவே செய்யும்.

அக்டோபர் முதல் வாரத்தில் வட்டியை 15 விழுக்காட்டுக்கு உயர்த்த வேண்டும் என்றார் ஹீலி. கேலஹன் மறுத்தார். அமைச்சரவையில் வைத்து முடிவெடுக்கலாம் என்று ஹீலி சொல்ல, அங்கேயும் எதிர்ப்பேன் என்றார் பிரதமர். ஹீலி வெளியே வந்தார். தன்னோடு நிற்க யார் இருக்கிறார்கள் என்று யோசித்துக்கொண்டிருந்தவரைத் தேடிப் பிரதமரின் செயலர் வந்தார். பிரதமர் உங்கள் உறுதியைச் சோதித்துப் பார்த்தார், அவர் உங்களை ஆதரிப்பார் என்று சொன்னார். அக்டோபர் 7-ம் தேதி வட்டி 15 ஆனது. இந்தச் சிறு சம்பவத்தில் அடுத்த இரண்டு மாதங்களின் கேலஹன் முழுமையாக இருக்கிறார். தன் நிதியமைச்சர் கடைசிவரை நிற்பாரா என்று முதலில் தெரிந்துகொள்வார். தெரிந்தபின் அவரோடு நிற்பார். ஆனால் எப்போது நிற்கப் போகிறார் என்பதை யாருக்கும் முன்கூட்டிச் சொல்ல மாட்டார்.

நவம்பர் 1-ம் தேதி ஆலன் விட்டோம் தலைமையில் ஐ.எம்.எஃப். குழு லண்டன் வந்து, பத்திரிகைகளுக்குப் பயந்து பொய்ப் பெயர்களில் பிரவுன்ஸ் ஹோட்டலில் தங்கியது. குழுவின் தலைவரும் ஒரு பிரிட்டிஷ்காரரே. அவர்களோடு உருப்படியான பேச்சைத் தொடங்கவே பிரிட்டிஷ் தரப்பு இரண்டு வாரத்துக்கு மேல் எடுத்துக்கொண்டது. கேலஹன் அந்த நேரத்தில் வேறு வாசல்களைத் தட்டிக்கொண்டிருந்தார். மேற்கு ஜெர்மனியின் சான்சலர் ஹெல்முட் ஷ்மிட், அமெரிக்க ஜனாதிபதி ஃபோர்டு இருவரும் அவருக்கு நண்பர்கள். நவம்பர் 2-ம் தேதி ஃபோர்டு தேர்தலில் தோற்றார். நவம்பர் 4-ம் தேதி இங்கே இடைத்தேர்தல்கள். சிறைக்குப் போன ஸ்டோன்ஹவுஸின் வால்சால் வடக்கும், காலங்காலமாகக் கட்சியின் கோட்டையான வொர்க்கிங்டனும் கன்சர்வேடிவ்களிடம் போயின. அமைச்சர் ஹெரால்டு லீவரை வாஷிங்டனுக்கு அனுப்பிப் பார்த்தார் கேலஹன். எல்லோரும் அன்பாகப் பேசினார்கள். முதலில் ஐ.எம்.எஃப்.போடு முடித்துக்கொண்டு வாருங்கள் என்பதுதான் எல்லோருடைய பதிலும்.

ஆக, முடிவு அமைச்சரவை மேசையில்தான். அங்கே மூன்று அணிகள். ஐ.எம்.எஃப். கேட்பதைக் கொடுத்துக் கடனை வாங்குவோம் என்ற ஹீலிக்குத் தொடக்கத்தில் விரல்விட்டு எண்ணும் ஆதரவே இருந்தது. இறக்குமதிக்குத் தடுப்பு போட்டு, நமக்கு நாமே மதில் கட்டிக்கொள்வோம் என்றார் பென். ஃபுட்டும் பீட்டர் ஷோரும் அந்தப் பக்கம். மூன்றாவது அணி கிராஸ்லாண்டுடையது. மூவரில் கூர்மையான வாதம் அவருடையதுதான் என்பது என் கருத்து. போதுமான அளவு ஏற்கெனவே வெட்டிவிட்டோம், பொருளாதாரம் சரியான பாதைக்குத் திரும்பிவிட்டது, இன்னும் வெட்டினால் வேலையின்மை கூடித் தொழிற்சங்கங்களோடு செய்த உடன்பாடு உடையும், ஜெர்மனியிலிருந்து படைகளைத் திருப்பி அழைப்போம் என்று லேசாக மிரட்டினாலே அவர்கள் கடன் தந்துவிடுவார்கள் என்றார் அவர்.

எல்லோருடைய மனத்திலும் 1931 இருந்தது. அந்த ஆகஸ்டில், இதேபோன்ற பவுண்டு நெருக்கடியில், வேலையற்றோர் உதவித்தொகையை வெட்டுவதா என்ற கேள்வியில் தொழிற்கட்சி அமைச்சரவை இரண்டாகப் பிளந்தது. பிரதமர் ராம்சே மெக்டொனால்டு எதிர்க்கட்சிகளோடு போய்ச் சேர்ந்து ஆட்சி அமைத்தார். அடுத்த தேர்தலில் கட்சி 52 இடங்களுக்குச் சுருங்கியது. 1931-ல் கேலஹனுக்கு வயது 19, வரி அலுவலக எழுத்தர். பென், அந்தப் பழைய அமைச்சரவைக் கூட்டக் குறிப்புகளை ஆவணக் காப்பகத்திலிருந்து எடுத்துச் சக அமைச்சர்களுக்குச் சுற்றுக்கு விட்டார். எச்சரிக்கை எல்லோருக்கும் புரிந்தது.

இங்கேதான் கேலஹன் மற்றப் பிரதமர்களிடமிருந்து வேறுபடுகிறார். அவசரப்படுத்தியிருக்கலாம். ஹீலியின் கோப்பில் கையெழுத்துப் போட்டு, ஏற்காதவர் விலகலாம் என்றிருக்கலாம். பாதிப் பேர் எழுந்து போயிருப்பார்கள். அவர் பேச விட்டார். நவம்பர் கடைசியிலும் டிசம்பர் தொடக்கத்திலும் கூட்டத்துக்கு மேல் கூட்டம். பென் தன் திட்டத்தை எழுதிக் கொண்டுவரட்டும், ஷோர் எழுதட்டும், கிராஸ்லாண்டும் எழுதட்டும் என்றார். டிசம்பர் 1-ம் தேதி ஒவ்வொருவரும் தத்தம் திட்டத்தை மேசையில் வைக்க, மற்ற அமைச்சர்கள் குறுக்குக் கேள்வி கேட்டார்கள். இறக்குமதித் தடுப்புக்கு மற்ற நாடுகள் பதிலடி கொடுத்தால் என்ன செய்வீர்கள்? கட்டுப்பாடு பலன் தரும்வரை எண்ணெய் வாங்க டாலருக்கு எங்கே போவீர்கள்? பென்னிடம் இதற்குத் திருப்தியான பதில் இல்லை. அவருடைய திட்டத்தை வீழ்த்தியது பிரதமரின் அதிகாரம் இல்லை, சக அமைச்சர்களின் கேள்விகள்.

அதே நாள், ஐ.எம்.எஃப். தலைவர் யோஹான் விட்டேவேன் ரகசியமாக லண்டனுக்குப் பறந்து வந்து கேலஹனைச் சந்தித்தார். டச்சுக்காரரான விட்டேவேன், பரோடாவிலிருந்து மேற்கே சென்ற இனாயத் கானின் சூஃபி இயக்கத்தில் ஆழ்ந்த ஈடுபாடு கொண்டவர். கடன் பேரத்தில் மென்மை காட்டாதவர். வெட்டு எவ்வளவு என்பதில் கடும் இழுபறி நடந்தது.

டிசம்பர் 2-ம் தேதி கேலஹன் முதல்முறையாகத் தன் நிலையை அமைச்சரவையில் சொன்னார். நான் நிதியமைச்சரோடு நிற்கிறேன். அதற்குள் கிராஸ்லாண்ட் ஒரு முடிவுக்கு வந்திருந்தார். தன் வாதம் சரி என்ற நம்பிக்கை அவருக்குக் குறையவில்லை. ஆனால் பிரதமரும் நிதியமைச்சரும் சேர்ந்து எடுத்த நிலையை அமைச்சரவை தோற்கடித்தது என்று வெளியே தெரிந்தால் பவுண்டும் போகும், ஆட்சியும் போகும். அதனால் ஆதரிக்கிறேன் என்றார். ஃபுட்டும் கட்சியை உடைக்கத் தயாராக இல்லை. டிசம்பர் 15-ம் தேதி ஹீலி சபையில் அறிவித்தார். முதல் ஆண்டில் 100 கோடி பவுண்டு, அடுத்த ஆண்டில் 150 கோடி வெட்டு. கூடவே பி.பி. எண்ணெய் நிறுவனத்தில் அரசுக்கு இருந்த பங்குகளில் 50 கோடி பவுண்டுக்கு விற்பனை. வீட்டு வசதி, சாலை, உணவு மானியம், பாதுகாப்பு, வெளிநாட்டு உதவி எல்லாவற்றிலும் கத்தி விழுந்தது. கடனை எதிர்த்து ஓர் அமைச்சர்கூட விலகவில்லை. 1931 திரும்பவில்லை. கட்சி உடையாமல் அந்த ஆண்டைக் கடந்தது கேலஹனின் காதுகளாலும் பொறுமையாலும்தான். அந்தப் பெருமையை அவருக்குக் கொடுத்தே ஆக வேண்டும்.

ஆனால் கணக்கு? 1976-77-ல் அரசு சுமார் 1,100 கோடி பவுண்டு கடன் வாங்க வேண்டியிருக்கும் என்று மதிப்பிட்டிருந்தது நிதித்துறை. ஆண்டு முடிந்து பார்த்தபோது அது சுமார் 850 கோடிதான். கேட்ட கடனிலும் ஏறத்தாழப் பாதியைத்தான் பிரிட்டன் எடுத்தது. சரியான எண்கள் கையில் இருந்திருந்தால் ஐ.எம்.எஃப். வாசலுக்கே போயிருக்க வேண்டாம் என்று ஹீலி பின்னாளில் மனம் நொந்து எழுதினார். கிராஸ்லாண்ட் சொன்னதில் பெரும்பகுதி சரியாகத்தான் இருந்தது. அது நிரூபணமாவதைப் பார்க்க அவர் இல்லை. 1977 பிப்ரவரி 19-ம் தேதி, 58 வயதில், மூளையில் ஏற்பட்ட ரத்தக்கசிவால் காலமானார். சந்தைக்கோ அவர் வாதம் என்றுமே தேவைப்படவில்லை. ஐ.எம்.எஃப். முத்திரை விழுந்ததும் பணம் திரும்பி வந்தது. 1976 முடிவில் 400 கோடி டாலர் அளவில் இருந்த கையிருப்பு, 1977 முடிவில் 2,000 கோடியைத் தாண்டியது. 15-ல் இருந்த வட்டி 1977 அக்டோபரில் 5 ஆனது.

விலை கொடுத்தவர்கள் வேறு இடத்தில் இருந்தார்கள். நாலரை விழுக்காட்டுக்குச் சம்மதித்த அதே தொழிலாளர்களின் வாடகை வீடுகளும் மானிய ரொட்டியும்தான் வெட்டில் போயின. ஜேக் ஜோன்ஸால் தன் சங்கத்தை எத்தனை நாளைக்கு இப்படி இழுத்துப் பிடிக்க முடியும் என்ற கேள்வியைக் கேலஹன் தள்ளிப்போட்டார்.

அதற்குமுன் நாடாளுமன்றம் அவரைத் தேடி வந்தது. 1977 பிப்ரவரி 22-ம் தேதி ஸ்காட்லாந்து, வேல்ஸ் தன்னாட்சி மசோதாவுக்கு நேர வரம்பு வைக்கும் தீர்மானத்தில் அரசு 29 வாக்கில் தோற்றது. மார்ச் 17-ம் தேதி செலவுத் திட்டத்தின் மீதான வாக்கெடுப்பில் தோல்வி நிச்சயம் என்று தெரிந்து, ஆளுங்கட்சி ஓட்டுப் போடாமலே ஒதுங்கிக்கொண்டது. எதிர்க்கட்சித் தலைவர் மார்கரெட் தாட்சர் அதைக் கண்டித்து, நம்பிக்கையில்லாத் தீர்மானம் கொடுத்தார். வாக்கெடுப்பு நாள் மார்ச் 23. கைவசம் ஆறு நாள். லிபரல் கட்சியிடம் 13 எம்.பி.க்கள். அதன் தலைவர் டேவிட் ஸ்டீலுக்கு வயது 38, கேலஹனின் பிள்ளை வயது. அவரோடு பேச்சைத் தொடங்கினார் பிரதமர்.

(தொடரும்)